ஹெக்சாகோனசோலும் என் ஞாயிற்றுக்கிழமையும்

இனி ஆயுசுக்கும் ஞாயிற்றுக்கிழமை பாத்திரம் தேய்ப்பதில்லை என்று ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் சபதம் எடுத்தேன். மனசுக்குள் எடுக்கும் சபதம் செல்லாது என்பதால் வாய்விட்டே சொன்னேன். அச்சகத்தில் பெரிய இயந்திரம் தடதடவென்று ஓடும் நேரமாகப் பார்த்துச் சொன்னேன். அப்படியும் பக்கத்தில் இருந்த பைண்டர் காதில் விழுந்துவிட்டது.

"இதை வீட்ல சொல்லிட்டீங்களா?" என்றார்.

"படிப்படியாத்தான் சொல்லணும்."

"முதல் படி எது?"

"உங்ககிட்ட சொன்னதுதான்."

எங்கள் வீட்டுச் சட்டம் எளிமையானது. நானும் வேலைக்குப் போகிறேன், என் மனைவியும் வேலைக்குப் போகிறாள். மற்ற நாளெல்லாம் பாத்திரம் அவள் பொறுப்பு, ஞாயிறு மட்டும் என் பொறுப்பு. கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கும். ஆனால் எங்கள் வீட்டில் பால் அடிபிடிப்பது ஞாயிற்றுக்கிழமையில்தான் நடக்கும். வாணலி கருகுவதும் அன்றைக்குத்தான். பரணில் இருக்கும் பெரிய அண்டாவுக்குத் தூசி படிந்துவிட்டதாக ஞானோதயம் வருவதும் அன்றைக்குத்தான். எல்லாம் தற்செயல் என்பாள். தற்செயலுக்கு நாள்காட்டி பார்க்கத் தெரியும் என்று எனக்குக் கல்யாணத்துக்குப் பிறகுதான் தெரிந்தது.

ஞாயிறு காலை பைண்டர் வீட்டு மொட்டைமாடியில் சதுரங்கம் நடக்கும். நான் போய்ச் சேருவதற்குள் பாதிப் பொழுது போயிருக்கும். ஈரச் சட்டையோடு உட்கார்ந்து நாலு காய் நகர்த்துவேன், வீட்டிலிருந்து போன் வரும். பலகையில் ராணி போனால் ஆட்டம் போச்சு. எனக்கு ராணி கூப்பிட்டாலே ஆட்டம் போச்சு. இத்தனை வருஷத்தில் ஒரு ஆட்டத்தைக்கூட நான் முடித்ததில்லை. ஒரே ஒரு முழு ஞாயிறு, ஒரே ஒரு முழு ஆட்டம், இதுதான் நான் வாழ்க்கையில் கேட்டது.

என் வேலையைப் பற்றிச் சொல்ல வேண்டும். பயிர் மருந்து பாட்டில்களில் ஒட்டுகிற லேபிள்களை அச்சடிக்கும் அச்சகத்தில் நான் பிழை திருத்துகிறேன். நான் படித்த அளவுக்கு விஷத்தை யாரும் படித்திருக்க முடியாது. மேன்கோசெப், டெபுகோனசோல், அசாக்சிஸ்ட்ரோபின் என்று வாயில் நுழையாத பெயர்களையெல்லாம் எழுத்து பிசகாமல் சொல்வேன். அர்த்தம் கேட்டால்தான் தகராறு. கால் விட்டுப்போனதா, புள்ளி விட்டுப்போனதா என்று பார்ப்பது என் வேலை, பூச்சி செத்ததா என்று பார்ப்பது அல்ல. அச்சகத்தில் நான் எல்லாரையும் திருத்துகிறேன், வீட்டில் அவள் என்னைத் திருத்துகிறாள்.

அவளுக்கு மருந்துக்கடையில் வேலை. மனுஷர்கள் சாப்பிடுகிற மருந்து. மருந்தாளுநர் படிப்பு படித்தவள். டாக்டர் எழுதின கிறுக்கலை ஒரு பார்வையில் படித்துவிடுவாள். பெரிய பெரிய ஆட்களெல்லாம் அவளிடம் சீட்டை நீட்டிவிட்டுக் கைகட்டி நிற்பார்கள். நான் சீட்டு இல்லாமலே நிற்பேன்.

சபதம் எடுத்த அதே மத்தியானம் மேஜைக்கு ஒரு புது லேபிள் வந்தது. பூஞ்சணக்கொல்லி. மேலே கொட்டை எழுத்தில் 'புயல்' என்று போட்டு ஒரு சுழல்காற்றுப் படம். அது விற்கிறவர்கள் வைத்த பெயர். அதற்குக் கீழே, கண்ணாடி போட்டால்தான் தெரிகிற அளவில், தொழில்நுட்பப் பெயர்: ஹெக்சாகோனசோல். பெயர் சரி, புள்ளி சரி. எச்சரிக்கைப் பகுதிக்கு வந்தேன். 'உணவுப் பாத்திரங்களில் படாமல் பார்த்துக்கொள்ளவும். தெளித்த இடத்தைவிட்டு விலகி இருக்கவும்.'

இந்த வரிகளை ஆயிரம் தடவை திருத்தியிருக்கிறேன். படித்தது அன்றைக்குத்தான். பாத்திரத்தில் படக்கூடாது என்று சொன்னது மருந்தை. ஆனால் மருந்து அடிக்கிற ஆளையும் சேர்த்துச் சொன்னதாக வைத்துக்கொண்டால் யார் கேட்கப் போகிறார்கள்? தெளித்தவன் பாத்திரத்தைத் தொடக்கூடாது. தெளித்த இடத்தில் இருக்கவும் கூடாது. அப்படியென்றால் வேறு எங்கேயாவது போயாக வேண்டும். பைண்டர் வீட்டு மொட்டைமாடி எவ்வளவோ பாதுகாப்பான இடம்.

எங்கள் வீட்டு மொட்டைமாடியில் அவள் வளர்க்கும் ரோஜாத் தொட்டிகள் இருந்தன. அவற்றுக்குச் சாம்பல் நோய் வந்து, இலையெல்லாம் மாவு பூசினது போல் வெளுத்துச் சுருண்டு கிடந்தன. அவள் தினமும் போய்ப் பார்த்துவிட்டு முகம் வாடி இறங்கி வருவாள். நோயும் தயார், மருந்தின் பெயரும் தயார். மருந்து மட்டும்தான் பாக்கி.

நிஜ மருந்தையே வாங்கியிருக்கலாமே என்று கேட்பீர்கள். இத்தனை வருஷம் அந்த எச்சரிக்கைகளைத் திருத்தினவன் நான். பயிர் மருந்துக் கடை வாசலைத் தாண்டினாலே எனக்குத் தும்மல் வரும். அதனால் சனிக்கிழமை காலை, அவள் வேலைக்குப் போனதும், நான் அச்சகத்துக்குக் கிளம்புவதற்குள், குளியலறை அலமாரியில் இருந்த காலி ஷாம்பூ பாட்டிலைக் கழுவினேன். ஒரு சாக்பீஸைப் பொடி செய்து தண்ணீரில் கலந்து ஊற்றினேன். வீணாய்ப்போன லேபிள் ஒன்றை அச்சகத்திலிருந்து கொண்டுவந்திருந்தேன். அதை முன்பக்கத்தில் ஒரு சுருக்கம்கூட விழாமல் ஒட்டினேன். பின்பக்கத்தை யார் பார்க்கப் போகிறார்கள் என்று விட்டுவிட்டேன்.

சாயங்காலம் வந்தவள் டீ டம்ளரோடு உட்கார்ந்தாள். எதிரே பாட்டில்.

"என்னங்க இது?"

"ரோஜாவுக்கு மருந்து."

"நீங்களா வாங்கினீங்க?"

"பின்ன? நீ தினம் வாடிப்போய் வர்றதைப் பார்த்துக்கிட்டு இருக்க முடியுமா?"

அவள் என்னை ஒரு தடவை ஏற இறங்கப் பார்த்தாள். "பேரு என்ன?"

"புயல்."

"அது விக்கிறவங்க வெச்ச பேரு. உள்ள இருக்கறது என்ன?"

நான் எதிர்பார்த்துக் காத்திருந்த கேள்வி. மார்பை நிமிர்த்திக்கொண்டேன். "டெக்னிக்கல் பேரைக் கேக்கறியா? ஹெக்சாகோனசோல்." ஒரே மூச்சில் சொன்னேன்.

அவள் பாட்டிலை எடுத்தாள். முன்பக்கம் படித்தாள். திருப்பிப் பின்பக்கமும் பார்த்தாள், கொஞ்ச நேரம் பார்த்தாள். வியந்துபோய்ப் பார்க்கிறாள் என்று நினைத்தேன். பாட்டிலை மெதுவாகக் கீழே வைத்துவிட்டுக் கன்னத்தில் கைவைத்துக்கொண்டாள்.

"பேரே அழகா இருக்குங்க. என்ன அர்த்தம்?"

பெண்டாட்டி கன்னத்தில் கைவைத்துக் கேட்கும்போது தெரியாது என்று சொல்ல எந்த ஆம்பளைக்குத்தான் மனசு வரும்?

"ஹெக்சான்னா ஆறு" என்றேன். அது பள்ளிக்கூடத்தில் அறுகோணம் வரைந்தபோது வாத்தியார் சொன்னது.

"ஆறா? எதுல ஆறு?"

"ஆறு வாரம். வாரம் ஒரு தடவை அடிக்கணும்."

"அடேயப்பா. அப்ப கோனசோல்?"

அதற்கு வாத்தியார் எதுவும் சொல்லிவைக்கவில்லை. "அது வந்து, கோணல்மாணலா வளர்ற பூஞ்சையோட சோலியை முடிக்கறது. கோனசோல்."

"எவ்வளவு பொருத்தமா வெச்சிருக்காங்க" என்றாள். அவள் உதடு ஒரு மாதிரி துடித்தது. டீ சுட்டிருக்கும் என்று விட்டுவிட்டேன்.

"ஞாயித்துக்கிழமைதான் அடிக்கணும்" என்றேன்.

"பூஞ்சைக்குக் கிழமை தெரியுமா?"

"எனக்கு அன்னிக்குத்தானே லீவு."

"அதுவும் சரிதான்."

"ஒரே ஒரு சங்கடம்மா." குரலைத் தாழ்த்திக்கொண்டேன். "தெளிச்சவங்க அன்னிக்குப் பாத்திரத்தைத் தொடக்கூடாதாம். வீட்லயும் இருக்கக்கூடாதாம். லேபிள்ல போட்டிருக்கு. அதான் யோசிக்கறேன். உனக்குக் கஷ்டமா இருந்தா வேண்டாம், ரோஜா போனா போகட்டும்."

"ஐயோ, லேபிள்ல போட்டிருந்தா அதை மீறலாமா? பாத்திரத்தை நான் பார்த்துக்கறேன். எனக்கு உங்க உடம்புதாங்க முக்கியம்."

என் கண் கலங்கிவிட்டது. இப்படிப்பட்டவளையா ஏமாற்றுகிறோம் என்று ஒரு நிமிஷம் உறுத்தியது. பைண்டர் வீட்டுச் சதுரங்கப் பலகையை நினைத்துக்கொண்டேன், உறுத்தல் போய்விட்டது.

முதல் ஞாயிறு. மழைக்கோட்டை மாட்டிக்கொண்டேன். மூக்குக்கு முகமூடி, கைக்கு உறை, காலுக்கு ரப்பர் செருப்பு. நிலாவுக்குப் போகிறவன்கூட இவ்வளவு மாட்டியிருக்க மாட்டான். மொட்டைமாடியில் நின்று சாக்பீஸ் தண்ணீரைப் பீய்ச்சினேன். இலைகள் ஏற்கெனவே வெளுப்பு, இப்போது இன்னும் வெளுப்பு. எது நோய், எது மருந்து என்று எனக்கே தெரியவில்லை. கீழே இறங்கும்போது சமையலறையில் அவள் அடிபிடித்த பால் பாத்திரத்தோடு போராடிக்கொண்டிருந்தாள்.

"நான் வெளியில போயிடறேம்மா. காத்து படக்கூடாது."

"பத்திரமா போயிட்டு வாங்க."

அன்றைக்கு நான் ஒரு முழு ஆட்டம் ஆடினேன். ராஜாவைக் கட்டினேன். காய்களை மறுபடி அடுக்கி இரண்டாவது ஆட்டமும் ஆடினேன். பைண்டர் மூன்று தடவை மணியைப் பார்த்தார், போன் வரவே இல்லை.

"வீட்ல எதாவது சண்டையா?" என்றார்.

"ஹெக்சாகோனசோல்" என்றேன்.

நடந்ததைச் சொன்னேன். அவர் வெகுநேரம் தாடையைத் தடவினார். "மருந்துக்கடையில வேலை பார்க்கறவங்ககிட்ட மருந்துல விளையாடறீங்க" என்றார்.

"அது மனுஷ மருந்து. இது செடி மருந்து. அவளுக்கு எப்படித் தெரியும்?"

"எனக்கென்னமோ யானை வாயில போன கரும்பு மாதிரி தெரியுது."

"கரும்பு யாரு?"

"அதை நான் சொல்லலை."

செவ்வாய்க்கிழமை மத்தியானம் சாப்பிட வீட்டுக்கு வந்தபோது ஆணியில் தொங்கிய என் மழைக்கோட்டு ஈரமாக இருந்தது. வெளியில் வெயில் மண்டையைப் பிளந்தது. "துவைச்சு வெச்சேங்க" என்றாள். மழைக்கோட்டைத் துவைக்கிற பெண்டாட்டி யாருக்குக் கிடைப்பாள் என்று பெருமைப்பட்டுக்கொண்டேன். பிழை திருத்துகிறவனுக்குக் கண் இருந்தால் போதுமா?

மூன்றாவது ஞாயிறு மாடிக்கு ஏறினவன் அப்படியே நின்றுவிட்டேன். ரோஜாச் செடிகளில் புதுத் தளிர் விட்டிருந்தது. வெள்ளை மாவு இல்லை, சுருட்டல் இல்லை. ஒவ்வொரு இலையும் எண்ணெய் தடவினது போல் பளபளத்தது. நாலைந்து மொட்டுகூட எட்டிப் பார்த்தது. நான் கையிலிருந்த பாட்டிலைப் பார்த்தேன். வெறும் சாக்பீஸ். இத்தனை பெரிய விஞ்ஞானிகள் இதைக் கவனிக்காமல் எப்படி விட்டார்கள்?

பைண்டரிடம் ஓடினேன். "சாக்பீஸுக்குள்ள ஏதோ இருக்கு" என்றேன்.

"சாக்பீஸுக்குள்ள சாக்பீஸ்தான் இருக்கும்" என்றார். பொறாமை என்று நினைத்தேன்.

அவளுக்குத் தலைகால் புரியவில்லை. தெருவில் போகிற வருகிறவர்களையெல்லாம் மாடிக்குக் கூட்டிப் போய்க் காட்டினாள். "எல்லாம் எங்க வீட்டுக்காரர் கைராசிங்க. டெக்னிக்கல் பேரு, அர்த்தம், எப்ப அடிக்கணும், எப்படி அடிக்கணும், எல்லாம் அத்துபடி." நான் ஈசிசேரில் சாய்ந்துகொண்டு, அடக்கமாக இருப்பதற்கு ரொம்பச் சிரமப்பட்டேன். பெண்டாட்டி வாயால் புகழ்ச்சி கேட்டவன் அதற்குப் பிறகு எதற்கும் உதவமாட்டான்.

நாலாவது சனிக்கிழமை, பக்கத்து வீட்டு ரிடையர்டு போஸ்ட் மாஸ்டர் வந்தார். நல்ல மனுஷர். ரிடையரான அன்றைக்கு வாசலில் ஒரு திராட்சைக் கொடி வைத்து, அதைப் பிள்ளை மாதிரி வளர்க்கிறார். பந்தலும் அவரே போட்டது.

"தம்பி, கொடியில வெள்ளையா படியுது. பூ வெக்கறதுக்குள்ள நீங்கதான் வந்து காப்பாத்தணும்."

"நானா சார்? எனக்கு வந்து…"

"உங்க வீட்டம்மா எல்லாம் சொன்னாங்க. ஹெக்சான்னா ஆறாமே. எனக்கு இத்தனை வயசுக்கு இது தெரியலை பாருங்க."

உள்ளேயிருந்து அவள் குரல் வந்தது. "நாளைக்குக் காலையிலயே வருவாருங்க சார். அன்னிக்கு அவருக்கு வேற வேலையே இல்லை."

போஸ்ட் மாஸ்டருக்குப் பின்னால் எதிர்வீட்டு டீச்சரம்மா வந்தார். அவருக்குச் செம்பருத்தி. அடுத்து முனை வீட்டுத் தையல்காரர். அவருக்கு என்ன செடி என்று அவருக்கே தெரியாது, ஆனால் மருந்து வேண்டும். ஞாயிறு காலை நான் மழைக்கோட்டு மாட்டிக் கதவைத் திறந்தால், வாசலில் ரேஷன் வரிசை மாதிரி நிற்கிறார்கள். அன்றைக்குப் பைண்டர் வீட்டுக்குப் போனபோது சாயங்காலம் ஆகிவிட்டது. அவர் காய்களைப் பெட்டியில் போட்டு மூடிவைத்திருந்தார்.

பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தவரை அரை ஞாயிறாவது மிஞ்சியது. இப்போது அதுவும் போச்சு.

அதைவிட மோசம், போஸ்ட் மாஸ்டரின் கொடி. அடுத்த வாரம் போனபோது இலைகள் முன்னைவிட வெளுத்திருந்தன, ஓரம் சுருண்டிருந்தது. அவர் என்னைச் சந்தேகப்படவில்லை. தன் கொடியைத்தான் சந்தேகப்பட்டார். "மருந்து நல்ல மருந்துதான் தம்பி. இதுக்குத்தான் குடுத்துவெக்கலை போல" என்று ஒரு இலையைத் தடவிக்கொண்டே சொன்னார். என் ஒரு ஞாயிற்றுக்கிழமைக்காக ஒரு பெரியவருடைய கொடியைக் கொன்றுகொண்டிருக்கிறேன் என்று அப்போதுதான் உறைத்தது.

ஆனால் எங்கள் வீட்டு ரோஜா மட்டும் எப்படிப் பிழைத்தது? அதே சாக்பீஸ், அதே தண்ணீர், அதே மழைக்கோட்டு. எனக்குப் புரியவே இல்லை.

திங்கட்கிழமை அச்சகத்துக்கு அரை நாள் லீவு சொல்லிவிட்டு, மூக்கைப் பொத்திக்கொண்டு பயிர் மருந்துக் கடைக்குப் போனேன்.

"புயல் இருக்கா?"

கடைக்காரர் நிமிர்ந்து பார்த்தார். "பேரைப் பார்த்து வாங்காதீங்க சார். புயல்ம்பான், மின்னல்ம்பான், உள்ள ஒரே சரக்குதான் இருக்கும். கீழ சின்னதா போட்டிருக்கற டெக்னிக்கலைப் பார்த்து வாங்குங்க. என்ன வேணும்?"

"ஹெக்சாகோனசோல்." இந்தத் தடவை மார்பை நிமிர்த்தவில்லை.

"எந்தச் செடிக்கு?"

"திராட்சைக் கொடி. சாம்பல் நோய். என் வீட்டு ரோஜாவுக்கும் இதான் வந்துச்சு, அது சரியாயிடுச்சு."

"மருந்துக்கடையில இருக்காங்களே, அந்த அம்மா வீட்டுக்காரரா நீங்க?" அவர் முகம் மலர்ந்துவிட்டது. "ரோஜாவுக்குன்னு போன மாசம் வந்து வாங்கிட்டுப் போனாங்களே. அவங்க கேட்ட கேள்விக்கு நான் கம்பெனிக்காரனுக்கே போன் போட வேண்டியதாப் போச்சு. திரும்பி வந்து, ஒரே குடும்பத்து மருந்தையே அடிக்கக்கூடாது, நடுவுல வேற குடும்பத்து மருந்து ஒண்ணு குடுங்கன்னு கேட்டு வாங்கிட்டுப் போனாங்க. எங்கிட்ட வர்றவங்கள்ல அப்படிக் கேட்டவங்க அவங்க ஒருத்தர்தான்."

"எந்தக் கிழமை அடிக்கறதா சொன்னாங்க?"

"செவ்வாய்க்கிழமை அவங்களுக்கு மத்தியான ஷிஃப்ட்டாம். காலையில காத்து அடங்கின நேரத்துல அடிப்பேன்னாங்க."

ஈர மழைக்கோட்டு என் கண்முன் தொங்கியது.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தேன். அவள் சமையலறையில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள். மருந்துப் பையை மேஜையில் வைத்தேன். அவள் திரும்பிப் பார்த்தாள். பையைப் பார்த்தாள். என் முகத்தைப் பார்த்தாள்.

"கடைக்காரர் சொல்லிட்டாரா?" என்றாள்.

"என்னிக்குத் தெரியும் உனக்கு?"

"நீங்க பாட்டிலைக் காட்டினப்பவே."

"எப்படி?"

அவள் கையைத் துடைத்துக்கொண்டு போய் அந்த பாட்டிலை எடுத்து வந்து, பின்பக்கத்தைத் திருப்பி என் கண்ணெதிரே நீட்டினாள். "படிங்க."

படித்தேன். பொடுகு ஷாம்பூ. என் தலைக்காக அவளே வாங்கி வந்தது. அதற்குக் கீழே, கண்ணாடி போட்டால்தான் தெரிகிற அளவில், கீட்டோகோனசோல் என்று போட்டிருந்தது. முன்பக்கம் நான் ஒட்டின ஹெக்சாகோனசோல். தலைக்குக் குளிக்கும்போதெல்லாம் கையில் பிடித்த பாட்டில்தான். ஊரார் லேபிளில் ஒரு புள்ளி விடாமல் திருத்துகிறவன், என் தலையில் தேய்க்கிற லேபிளை ஒரு நாளும் படிக்கவில்லை.

"கோனசோல்னா சோலியை முடிக்கறது இல்லீங்க. அது குடும்பப் பேரு" என்றாள். குரலில் கேலி இல்லை. கடையில் வயசானவர்களுக்கு மாத்திரை விளக்கும்போது இருக்குமே, அந்தப் பொறுமைதான். "கீட்டோகோனசோல் உங்க தலைக்கு, ஹெக்சாகோனசோல் செடிக்கு. ரெண்டும் பங்காளிங்க. பூஞ்சை தன் தோலைக் கட்டிக்க ஒருவிதக் கொழுப்பை உண்டாக்கும். அதை உண்டாக்க விடாம பண்றதுதான் இந்தக் குடும்பத்துக்கே தொழில். ஒரே குடும்பத்தையே திரும்பத் திரும்ப அனுப்பினா பூஞ்சைக்குப் பழகிடும், அப்புறம் பயப்படாது. அதான் நடுவுல வேற குடும்பம். புயல், மின்னல்ங்கறதெல்லாம் சட்டை மாதிரி, எப்ப வேணா மாத்திக்கலாம். டெக்னிக்கல் பேருதான் ஆளு. ஆளைத் தெரிஞ்சுக்கிட்டா எந்தச் சட்டையில வந்தாலும் கண்டுபிடிச்சிடலாம்."

நான் எந்தச் சட்டையில் வந்தாலும் அவள் கண்டுபிடித்துவிடுகிறாளே, அது இப்படித்தான் போலிருக்கிறது.

"ஹெக்சா?" என்று ஈனசுரத்தில் கேட்டேன்.

"அந்த மூலக்கூறுல ஆறு கரி அணு வரிசையா கைகோத்து ஒரு சங்கிலியா நிக்கும். அதான் ஹெக்சா. ஆறுன்னு சொன்னீங்களே, அது ஒண்ணுதான் சரி."

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. இத்தனை வருஷமாகக் கால் வாங்கி, புள்ளி வைத்து நான் தாண்டிப்போன பெயருக்குள் ஒரு குடும்பம் குடியிருக்கிறது, ஆறு பேர் கைகோத்து நிற்கிறார்கள். அதை அவள் பாத்திரம் தேய்த்த ஈரக் கையோடு நின்று நாலு வரியில் சொல்லிவிட்டாள். இப்படி ஒருத்தி கிடைத்தது என் அதிர்ஷ்டம் என்று சத்தியமாகத் தோன்றியது. என்னிடம் மாட்டியது அவளுடைய தலைவிதி, அது வேறு விஷயம்.

"அப்புறம் ஏன் தெருவெல்லாம் என்னைப் புகழ்ந்தே?"

"என் புருஷனை நான் புகழக்கூடாதா?"

"போஸ்ட் மாஸ்டர் கொடி வீணாகுதே."

அவள் முகம் மாறியது. "அதுக்குத்தான் காத்துக்கிட்டு இருந்தேன். உங்களுக்கு உறைக்கும்னு தெரியும். அவர் கொடிக்கு ஒண்ணும் ஆகாது. பந்தல்ல முக்கால்வாசி நேத்தே நான் போய் அடிச்சிட்டேன். அவர்கிட்ட நீங்க அனுப்பினதா சொன்னேன். மேல எனக்கு எட்டலை, அதை மட்டும் நீங்க அடிச்சிடுங்க. கையுறை போட்டுக்கிட்டு, லேபிள்ல போட்டிருக்கற அளவுதான், ஒரு சொட்டு கூடக் கூடாது."

நேற்று ஞாயிறு. நான் டீச்சரம்மா வீட்டுச் செம்பருத்திக்குச் சாக்பீஸ் அடித்துக்கொண்டிருந்த நேரத்தில், இவள் பந்தலுக்கடியில் நின்று என் மானத்துக்கு மருந்து அடித்துக்கொண்டிருந்திருக்கிறாள். நான் எழுந்து நின்றேன். இந்த மாதிரிப் பெண்ணிடம் தோற்பதில் வெட்கமே இல்லை.

"தோத்துட்டேம்மா. முழுசா தோத்துட்டேன். பழையபடி ஞாயித்துக்கிழமை பாத்திரத்தை நானே தேய்ச்சிடறேன். அண்டாவை வேணும்னாலும் இறக்கு. இந்தத் தெருக்காரங்ககிட்ட இருந்து மட்டும் என்னைக் காப்பாத்து."

"அது எப்படிங்க? நம்பி வந்தவங்களைப் பாதியில விடலாமா? அவங்க செடியெல்லாம் தேறணும் இல்ல? நிஜ மருந்தை நான் அளந்து கலந்து தர்றேன், நீங்க அடிங்க."

"அப்ப பாத்திரமும் நான், மருந்தும் நானா?"

"ஐயையோ, கூடவே கூடாது." பதறிப்போனாள். "தெளிக்கற அன்னிக்குப் பாத்திரத்தைத் தொடக்கூடாதுன்னு லேபிள்லயே போட்டிருக்கு, நீங்கதானே படிச்சுக் காட்டினீங்க. எனக்கு உங்க உடம்புதாங்க முக்கியம். ஞாயித்துக்கிழமை பாத்திரத்தை இனிமே நான் பார்த்துக்கறேன்."

அப்பாடா என்று மூச்சு விட்டேன். இவ்வளவு தப்பு செய்தவனுக்கு இவ்வளவு பெரிய மனசா என்று நெஞ்சு நெகிழ்ந்தது. இப்படியாவது என் சபதம் பலித்ததே.

அவள் தேய்க்கிற நாரை எடுத்தாள். என் உள்ளங்கையில் வைத்து, விரல்களை ஒவ்வொன்றாக மடக்கி மூடினாள்.

"மத்த நாள்ல நீங்க தேய்ச்சா போதும்."

"மத்த நாள்னா… எத்தனை நாளும்மா?"

"ஹெக்சான்னா எத்தனைன்னு நீங்கதானே எனக்குச் சொல்லிக் குடுத்தீங்க?"